பெயரில்லாக் கயிறு: ஒரு புயல் இசைக்கோவை பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எழுகரை என்ற கற்பனை உலகத்துக்காக நான் அமைத்த 27 நிமிட இசைக்கோவை ‘பெயரில்லாக் கயிறு’. கேட்டவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். சிலவற்றுக்கு ஒரு வரி போதும். சிலவற்றைப் பேச ஆரம்பித்தால் எனக்கு நிறுத்த வராது.

முதலில், இது எதைப் பற்றிய இசை?

எழுகரை நடுக்கடலில் நிற்கும் ஒற்றைப் பாறை. அதன் விளிம்பில் வீடுகள் தொங்குகின்றன. கடற்பாசி நாரை முறுக்கிச் செய்த ஏழு பெருங்கயிறுகள் அந்த வீடுகளைப் பாறையோடு பிணைத்திருக்கின்றன. காற்றின் வேகத்தை அளக்க அங்கே கருவி எதுவும் கிடையாது. கயிறுகள் எழுப்பும் ஒலியைக் கேட்டுச் சொல்லும் ஆட்கள் இருக்கிறார்கள். அவர்களுக்குச் ‘செவியர்’ என்று பெயர். அவர்கள் “அவிழ்” என்றால் வீடுகளை விட்டுவிட்டு ஊர் குகைக்குள் இறங்க வேண்டும். “பொறு” என்றால் இருக்கலாம்.

ஒன்பது ஆண்டுக்கு ஒருமுறை வரும் பெரும்புயலின் ஒரு வரவுதான் இந்த இசை. ஒரு நிமிட இசைக்குள் முக்கால் மணி நேரப் புயல் அடங்குகிறது என்று கணக்கு வைத்துக்கொண்டேன். ஆக, 27 நிமிடத்தில் கழிவது ஏறக்குறைய 20 மணி நேரம்.

எழுகரைக் கதைகளைப் படிக்காமல் கேட்கலாமா?

தாராளமாக. கயிறுகளின் பெயர் மட்டும் தெரிந்திருந்தால் நல்லது, பாட்டில் அவைதான் வரும். மெல்லியதிலிருந்து தடித்ததுவரை: இழை, சரடு, நாண், புரி, தாம்பு, வடம். ஏழாவதற்குப் பெயரில்லை. அதை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட விரும்பவில்லை.

இந்த உலகத்தை எங்கிருந்து தொடங்கினீர்கள்? கதையா, இசையா?

கருவியிலிருந்து. தொல்காப்பியம் ஒவ்வொரு நிலத்துக்கும் கருப்பொருள் சொல்லும்போது தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, பறை, தொழில், யாழ் என்று அடுக்கிக்கொண்டு போகிறது. ஒரு நிலத்தை அடையாளம் காட்டத் தெய்வத்தோடும் உணவோடும் சேர்த்துப் பறையையும் யாழையும் கேட்ட இலக்கணம் நம்முடையது. புதிதாக ஒரு நிலத்தைக் கற்பனை செய்ய உட்கார்ந்தபோது, இந்த நிலத்தின் யாழ் எது என்ற கேள்வியைத்தான் முதலில் எழுதினேன். மரமில்லாத பாறையில் யாழ் செய்ய மரம் ஏது? வீட்டைக் கட்டிய கயிறுதான் மிச்சம். மீட்டுவதற்குக் காற்று இருந்தது. செவியர், குகை, ஒன்பது ஆண்டு எல்லாம் அந்தப் பதிலுக்குப் பிறகு வந்தவை.

கயிறு உண்மையிலேயே பாடுமா? இது மந்திரமா?

மந்திரம் துளியும் இல்லை. காற்று ஒரு கயிற்றைத் தாண்டிப் போகும்போது அதன் பின்புறத்தில் சின்னச் சின்னச் சுழல்கள் உருவாகி, மேலே ஒன்று கீழே ஒன்று என மாறி மாறிக் கழன்று போகின்றன. அந்தக் கழற்சியின் தாளம்தான் நாம் கேட்கும் ஊளை. செக் இயற்பியலாளர் வின்சென்ட்ஸ் ஸ்ட்ரூஹால் 1878இல் இதை ஆராய்ந்து ஓர் எளிய உறவைக் கண்டார்: காற்றின் வேகத்தைக் கயிற்றின் தடிமனால் வகுத்து, ஏறக்குறைய 0.2ஆல் பெருக்கினால் ஒலியின் அதிர்வெண் கிடைக்கும். 2 சென்டிமீட்டர் தடிமனுள்ள கயிற்றில் நொடிக்கு 20 மீட்டர் வேகத்தில் காற்று அடித்தால் 200 ஹெர்ட்ஸ், அதாவது நொடிக்கு 200 அதிர்வு. வேகம் 40 மீட்டர் ஆனால் 400 ஹெர்ட்ஸ்.

இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்த இரவில் எனக்குத் தூக்கம் வரவில்லை. காற்று இரட்டித்தால் ஒலி சரியாக ஒரு ஸ்தாயி ஏறுகிறது! கீழ் ஸட்ஜத்திலிருந்து (ஸ) மேல் ஸட்ஜத்துக்குக் கயிறு போய்ச் சேர்ந்தால் காற்று இரண்டு மடங்காகிவிட்டது என்று கண்ணை மூடிக்கொண்டே சொல்லலாம். காற்றின் விசை வேகத்தின் இருபடியாகக் கூடுவதால், அதே ஒரு ஸ்தாயிக்குள் சுவரைத் தள்ளும் பலம் நான்கு மடங்காகியிருக்கும். ஆக, எழுகரையில் ஸ்வரஞானம் உயிர் காக்கும் அறிவு.

ஏழு கயிறுகளையும் ஒன்றைவிட ஒன்று இரு மடங்கு தடிமனாக வைத்தேன். இழை 6.25 மில்லிமீட்டர். ஒவ்வொன்றாக இரட்டித்துப் போனால் வடம் 20 சென்டிமீட்டர், பெயரில்லாக் கயிறு 40 சென்டிமீட்டர். காற்று எந்த வேகத்தில் அடித்தாலும் ஏழும் ஒரே ஸ்வரத்தை ஏழு ஸ்தாயிகளில் ஒலிக்கும். மனிதக் காது கேட்கும் ஒலியின் அடிமட்டம் ஏறக்குறைய 20 ஹெர்ட்ஸ். 40 சென்டிமீட்டர் கயிறு அந்த 20 ஹெர்ட்ஸைத் தொட, நொடிக்கு 40 மீட்டர் காற்று வேண்டும். மணிக்கு 144 கிலோமீட்டர். அதற்குக் குறைந்த காற்றிலும் அந்தக் கயிறு அதிர்ந்துகொண்டுதான் இருக்கும், ஆனால் யார் காதிலும் விழாது. காதில் விழுந்துவிட்டால் ஊரைக் காலி செய்யும் நேரம் வந்துவிட்டது.

இயற்பியல் படித்த ஒருவர், இவ்வளவு தடித்த கயிற்றில், இவ்வளவு வேகக் காற்றில் அந்த 0.2 அப்படியே நிற்காதே என்று எழுதியிருந்தார். சரிதான், கொஞ்சம் பிசகும். அந்தச் சிறு சலுகையை மட்டும் என் உலகத்துக்கு எடுத்துக்கொண்டேன்.

என்ன ராகம்? மழை என்றாலே அமிர்தவர்ஷினிதானே, அதை ஏன் எடுக்கவில்லை?

அதிகம் பேர் கேட்டது இதுதான். முத்துசுவாமி தீட்சிதர் எட்டயபுரத்தில் அமிர்தவர்ஷினி பாடி மழையை வரவழைத்தார் என்ற கதையோடு வளர்ந்த காது நம்முடையது. ஆனால் அது வேண்டிக் கேட்கும் ராகம். வறண்ட நிலத்தில் நின்று வானத்தைப் பார்த்துப் பாடுவது. எழுகரைக்காரர்கள் மழையை அழைப்பதில்லை. வருவதை எண்ணிக்கொண்டிருக்கிறார்கள்.

ராகத்தை நான் தேர்ந்தெடுக்கவும் இல்லை என்பதுதான் உண்மை. இழுத்துக் கட்டிய தந்திக்குத் தனக்கென்று சில இயல்பான ஒலிகள் உண்டு: அடிப்படை ஒலி, அதன் இரு மடங்கு, மூன்று மடங்கு, நான்கு மடங்கு என்று. காற்றின் ஒலி அவற்றில் ஒன்றை நெருங்கும்போது தந்தி அதைப் பற்றிக்கொள்கிறது. காற்று கொஞ்சம் கூடினாலும் குறைந்தாலும் விடாது. பிறகு சட்டென்று அடுத்த படிக்குத் தாவும். காற்று மீட்டும் யாழ்களில் இதைக் கேட்கலாம். ஆகவே புயல் வலுக்கும்போது கயிறு வழுக்கிக்கொண்டு மேலே போகாமல் படிப்படியாக ஏறுகிறது.

அந்தப் படிகளை ஒரே ஸ்தாயிக்குள் கொண்டுவந்து அடுக்கினால் என்ன கிடைக்கும்? ஸ்வரங்களின் பெயரில் சொன்னால், மூன்றாவது மடங்கு பஞ்சமம். ஐந்தாவது அந்தர காந்தாரம். ஏழாவது கைசிகி நிஷாதத்துக்குச் சற்றுக் கீழே. ஒன்பதாவது சதுஸ்ருதி ரிஷபம். பதினொன்றாவது இரண்டு மத்யமங்களுக்கும் நடுவில் நின்று, பிரதி மத்யமத்தின் பக்கம் சற்றே சாய்கிறது. பதின்மூன்றாவது இரண்டு தைவதங்களுக்கு இடையில். இதை நம் மேளகர்த்தா என்ற தாய் ராக அட்டவணையில் வைத்துப் பார்த்தால் அருகில் இருப்பவற்றில் ஒன்று 64ஆம் மேளமான வாசஸ்பதி. கணக்கை முடித்துவிட்டுத் தம்புராவோடு பாடிப் பார்த்தபோது உடம்பு சிலிர்த்தது. காற்றும் கயிறும் தாமாகப் போய் நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில் ஏற்கெனவே ஒரு ராகம் இருந்திருக்கிறது.

மத்யமமும் தைவதமும் நிஷாதமும் சுருதி விலகியது போலக் கேட்பதாகச் சிலர் சொல்கிறார்கள். வேண்டுமென்றே கயிற்றின் ஒலியிலேயே விட்டிருக்கிறேன். பாடகரின் குரல் வாசஸ்பதியில் போகும், கயிறுகள் தங்கள் இடத்தில் நிற்கும். இரண்டும் உரசும் அந்த மயிரிழை இடைவெளியில்தான் எனக்குப் பயம் கேட்கிறது.

இரண்டாம் பகுதியில் யாரோ எண்ணிக்கொண்டே இருக்கிறார்களே?

மின்னலுக்கும் இடிக்கும் இடையிலுள்ள நேரத்தை எண்ணுகிறார்கள். ஒலி காற்றில் நொடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர் போகும், ஆக ஒரு கிலோமீட்டருக்கு மூன்று நொடி. இந்தப் பகுதியின் காலப்பிரமாணம் (வேகம்) நிமிடத்துக்கு 60 அட்சரம், அதாவது நொடிக்கு ஒரு தாள எண்ணிக்கை. மூன்று அட்சரம் எண்ணினால் மின்னல் ஒரு கிலோமீட்டர் தொலைவில் விழுந்திருக்கிறது. ஒரு நிமிடத்துக்கு முக்கால் மணி என்ற கணக்கு இங்கே மட்டும் செல்லாது.

ஜால்ரா மின்னல், தவில் இடி. முதல் மின்னலுக்கும் இடிக்கும் நடுவே 14 எண்ணுகிறார்கள். பிறகு 7, பிறகு 5, பிறகு 3. ஏழும் ஐந்தும் மூன்றும் மிஸ்ரம், கண்டம், திஸ்ரம் என்று நம் கைக்குப் பழகிய ஜாதிகள், அதனால் தாளம் மாறுவது தெரியாமலே இடி நெருங்கிவிடும். மூன்றுக்குப் பிறகு இடி நின்றுபோகிறது, கவனித்தீர்களா? சுழற்புயல்களில் இடிமின்னல் பெரும்பாலும் வெளிச்சுற்று மழைப்பட்டைகளில்தான் அதிகம். உள்ளே போகப் போகக் குறைவதே வழக்கம். மழலைகள் இடி நின்றதென்று சிரிக்க, செவியர் முகம் இறுகும் இடம் அது.

பாட்டின் மொழி எது? கற்பனை மொழியா?

தமிழ்தான். எண்ணுப்பெயர்களும் ஆறு கயிற்றுப் பெயர்களும் “பொறு”, “அவிழ்” என்ற இரண்டு சொற்களும் தவிர வேறு வார்த்தையே இல்லை. முதலில் ஒரு தனி மொழி உண்டாக்கப் பார்த்தேன். “அவிழ்” என்ற சொல்லில் அந்த ழகரம் நாக்கை விட்டு நழுவுவது போல எந்தப் புதுச்சொல்லும் நழுவவில்லை.

என்னென்ன கருவிகள்? நிஜப் புயலைப் பதிவு செய்தீர்களா?

நிஜக் காற்று ஒரு நொடிகூட இல்லை. ஒலிவாங்கியில் அடிக்கும் காற்று வெறும் இரைச்சலாகத்தான் பதிவாகும், அதில் சுருதி இருக்காது.

மெல்லிய மூன்று கயிறுகளுக்கு வயலின், வயோலா. புரிக்கும் தாம்புக்கும் செல்லோ. வடத்துக்கு டபுள் பாஸ். அதற்குக் கீழே உறுமி: ஒரு முகத்தில் வளைந்த குச்சியை அழுத்தி இழுக்கும்போது எழும் அந்த முனகலுக்கு ஈடான ஒன்றை வேறெங்கும் நான் கேட்டதில்லை. நாடக அரங்குகளில் முன்பு பயன்பட்ட காற்றுப்பொறியையும் சேர்த்தேன். பட்டைகள் அடித்த மர உருளைமேல் கித்தான் துணியை இறுக்கிப் போர்த்தி, கைப்பிடியால் சுற்றுவார்கள். வேகமாகச் சுற்றினால் ஊளை ஏறும்.

பெயரில்லாக் கயிறுதான் பெரும்பாடு. டபுள் பாஸின் கடைசித் தந்தி ஏறக்குறைய 41 ஹெர்ட்ஸ். அதை மிக மெதுவான வில்லில் இழுத்துப் பதிந்து, பாதி வேகத்தில் ஓட்டினோம். 20 ஹெர்ட்ஸுக்குச் சற்று மேலே வந்து நின்றது. கோவை முழுவதும் மூன்று கட்டைச் சுருதியில் (மேற்கத்திய E) அமைந்ததற்கு அந்தத் தந்திதான் காரணம்.

மூன்றாம் பகுதியில் செல்லோக்கள் கண்ட நடையில் ஓட, டபுள் பாஸ்கள் சதுஸ்ர நடையில் உருளும். ஐந்துக்கு நான்கு. எங்கும் ஒட்டாமல் அடிவயிறு கலங்கும். இந்த உத்தி என்னுடையதில்லை. பேத்தோவன் 1808இல் அரங்கேறிய தம் ஆறாம் சிம்பொனியின் புயல் பகுதியில் இதையே செய்திருக்கிறார். அவரிடமிருந்து நன்றியோடு எடுத்துக்கொண்டேன்.

நான்காம் பகுதியில் ஒலியே வரவில்லை. கோப்பு பழுதா?

பழுதில்லை, நீங்கள் புயலின் கண்ணுக்குள் இருக்கிறீர்கள். ஒரு புயலின் கண் பொதுவாக 30 முதல் 60 கிலோமீட்டர் அகலம். 40 கிலோமீட்டர் கண், மணிக்கு 20 கிலோமீட்டர் நகர்ந்தால் ஊரைக் கடக்க இரண்டு மணி நேரம். நம் கணக்கில் 2 நிமிடம் 40 விநாடி. அவ்வளவு நேரமும் கயிறுகள் ஊமை.

ஒலியை முழுக்க நிறுத்தவில்லை. கூட்டி வைத்துக் கேளுங்கள். கடல் இருக்கிறது. கண்ணுக்குள் காற்றுதான் ஓயும், அலை ஓயாது, நாலா பக்கமிருந்தும் வந்து மோதிக்கொள்ளும். முதல் மூன்று பகுதிகளில் காற்று கடலை மூடிவிட்டிருந்தது, இங்கேதான் கடல் முதன்முதலாகக் கேட்கிறது. பறவைகளும் கேட்கும். கண்ணுக்குள் சிக்கி அதோடு சேர்ந்தே பயணிக்கும் கடற்பறவைகள் நிஜத்திலும் உண்டு. ஒருவர் மெதுவாக “பொறு” என்கிறார். யாரும் பதில் சொல்லவில்லை.

ஐந்தாம் பகுதி மூன்றாம் பகுதியின் நகல் போல இருக்கிறதே?

கண் கடந்ததும் காற்று எதிர்த்திசையிலிருந்து திரும்ப அடிக்கும். அதனால் மூன்றாம் பகுதியின் வரிகளைக் கடைசியிலிருந்து முதலுக்கு எழுதினேன், ஆரோகணம் அவரோகணமாயிற்று. இடது காதில் இருந்த கயிறுகள் வலது காதுக்கு மாறும். இவ்வளவு நேரம் ஒரு பக்கம் இழுபட்டுத் தளர்ந்த முடிச்சுகள் இப்போது மறுபக்கம் இழுபடுகின்றன. 23ஆம் நிமிடத்தில் இழை அறுகிறது. அதற்குப் பிறகு ஆறு கயிறுகள்தான்.

கைப்பேசியில் பெயரில்லாக் கயிறு கேட்கவே இல்லை.

கேட்காது. அவ்வளவு சின்ன ஒலிபெருக்கியால் அவ்வளவு பெரிய அலையை எழுப்ப முடியாது. நல்ல காதணி ஒலிபெருக்கியில் முயலுங்கள். இருந்தாலும் மேல்மடங்கு ஒலிகளைச் சேர்த்தே பதிந்திருக்கிறேன். அடிப்படை ஒலி இல்லாவிட்டாலும் மேல்மடங்குகளைக் கொண்டு மூளை அதை ஊகித்துக்கொள்ளும்.

ஏழாம் கயிற்றைக் காக்கும் பெண்ணுக்குக் காது கேட்காது என்கிறீர்கள். கேளாதவர் எப்படிச் செவியர் ஆனார்?

இந்தக் கேள்விக்காகத்தான் இந்தப் பக்கத்தையே எழுத உட்கார்ந்தேன்.

பெயரில்லாக் கயிறு காதுக்கு எட்டும் நேரத்தில் காலம் கடந்திருக்கும். அதற்கு முன்பே, 10 ஹெர்ட்ஸில், 15 ஹெர்ட்ஸில் அது அதிர்வதை யாராவது அறிய வேண்டும். அந்த அதிர்வை அறிய உள்ளங்கையும் நெஞ்சுக்கூடும் வேண்டும். மற்ற ஆறு கயிறுகளும் ஊளையிடும்போது கேட்கும் காதுள்ளவர் கவனம் சிதறிப்போகும். கேளாதவருக்குச் சிதறாது. ஆகவே எழுகரையில் அந்தப் பொறுப்பு தலைமுறை தலைமுறையாகக் கேளாதவர்களிடம்தான் இருக்கிறது. ஊரே அவரை ‘அடிக்கயிற்றம்மா’ என்று கூப்பிடும். “அவிழ்” என்று முதலில் கைகாட்டுவது அவர். மற்றவர்கள் அதைப் பார்த்துத்தான் சத்தமாகச் சொல்வார்கள்.

கேளாத இருவர் இந்த இசையைத் தரைப்பலகையில் கை வைத்துக் ‘கேட்டு’, மூன்றாம் பகுதி தொடங்கி நான்கு நிமிடத்தில் ஏதோ வருகிறது என்றார்கள். சரியாக அந்த இடத்தில்தான் ஏழாம் கயிறு மெல்ல நுழைகிறது. காதால் கேட்டவர்களில் பெரும்பாலோர் அதற்கு ஒரு நிமிடம் கழித்தே சொன்னார்கள்.

புயலில் எல்லாவற்றையும் இழந்தவர்கள் இருக்கும்போது புயலை ரசிக்கும்படி இசை அமைப்பது சரியா?

இதை யோசிக்காமல் ஒரு நாளும் வேலை செய்யவில்லை. முதல் வடிவத்தில் மூன்றாம் பகுதியின் உச்சத்தில் எக்காளமும் தவிலும் சேர்ந்து முழங்கின. கேட்டவர்கள் கைதட்டினார்கள். கைதட்டல் கேட்டதும் எனக்குக் குன்றிப்போயிற்று. ஒரு வீடு பெயர்ந்து கடலில் விழும் நேரத்தை நான் திருவிழா ஆக்கியிருந்தேன். எக்காளத்தை எடுத்துவிட்டேன். இப்போது அந்த இடத்தில் ஆறு கயிறுகளும் ஒரே ஸட்ஜத்தில் நிற்க, எண்ணும் குரல் மட்டும் தடுமாறி எண்ணை விட்டுவிட்டு மறுபடி ஒன்றிலிருந்து தொடங்குகிறது. புயலைக் கண்ட ஒருவர் எனக்கு எழுதினார்: அந்த இரவில் அவர் பாட்டியும் அப்படித்தான் எண்ணிக்கொண்டிருந்தாராம், எதை எண்ணினார் என்று யாருக்கும் தெரியாதாம்.

ஸ்வரக்குறிப்பு கிடைக்குமா? நாங்கள் வாசிக்கலாமா?

வாசியுங்கள். ஏழு பேர் தேவையில்லை, மூன்று தந்திக் கருவிகளும் ஓர் உறுமியும் போதும். நான்காம் பகுதியைச் சுருக்க மட்டும் வேண்டாம்.

கடைசியில் சுருதி இறங்கி முடிகிறதே, பாடகர் தவறிவிட்டாரா?

பாடகர் ஸட்ஜத்தில்தான் நிற்கிறார். இறங்கியது இழை. விடிந்ததும் அறுந்துபோன பழைய இழைக்குப் பதில் புதிது கட்டுகிறார்கள். முடிச்சு இறுகும் கிரீச்சொலி கேட்கும். புது நார் இன்னும் நீளவில்லை, அதனால் பழையதைவிடச் சற்றுத் தடிமன், 7 மில்லிமீட்டர். தடிமன் கூடினால் ஒலி இறங்கும் என்று மேலே சொன்னேன். அதே இளங்காற்றில் பழைய இழை ஸட்ஜம் பாடிய இடத்தில் புதிய இழை ஏறக்குறைய ஒரு ஸ்வரம் கீழே, கைசிகி நிஷாதத்தில் பாடுகிறது. நார் இழுபட்டு மெலிந்து மறுபடி ஸட்ஜத்துக்கு வரச் சில மாதம் ஆகும். அதுவரை செவியர் மனதுக்குள் ஒரு ஸ்வரம் கூட்டிக்கொண்டு கேட்பார்கள்.